புட்டியைத் திறந்தால் போதுமா? கையும் பட வேண்டும்!

புட்டியில் அடைத்த சாஸை ஊற்றிச் சமைத்தால், அது வீட்டுச் சமையல் ஆகுமா?

அமெரிக்காவில் பல குடும்பங்களில் இந்தக் கேள்வி எழுகிறது. "ஆகாது" என்கிறார் பாட்டி. "ஆகும்" என்கிறாள் வேலைக்குப் போய் வரும் மகள். இருவர் பேச்சிலும் நியாயம் இருக்கிறது. ஆனால் இருவரும் ஒரு விஷயத்தை மறந்துவிடுகிறார்கள். புட்டிக்கும் தட்டுக்கும் நடுவில் ஒரு வாணலி இருக்கிறது. அந்த வாணலியில் நடக்கும் 25 நிமிட வேலைதான் வழக்கைத் தீர்க்க வேண்டும்.

முதலில், பாஸ்தா என்றால் என்ன? அது இத்தாலி நாட்டு உணவு. கோதுமை மாவைக் கெட்டியாகப் பிசைகிறார்கள். நூலாகவும், குழலாகவும், சங்காகவும் செய்து காய வைக்கிறார்கள். சேமியாவுக்கு அண்ணன் என்று சொல்லலாம். அதை உப்புத் தண்ணீரில் வேக வைத்து, தக்காளி சாஸோடு கலந்து சாப்பிடுகிறார்கள்.

இந்த சாஸ், பஜ்ஜிக்குத் தொட்டுக்கொள்ளும் இனிப்பு சாஸ் அல்ல. தக்காளியோடு வெங்காயம், பூண்டு, எண்ணெய் சேர்த்துக் காய்ச்சிய கெட்டிக் குழம்பு. அதைக் காய்ச்சி, கண்ணாடிப் புட்டியில் அடைத்து, கடைகளில் விற்கிறார்கள். மாலையில் களைத்து வரும் தாய்க்கு அது பெரிய உதவி.

உதவிதான். ஆனால் ஊர் வாய் சும்மா இருக்கிறதா? "புட்டியை உடைத்து ஊற்றிவிட்டாளா?" என்று கேலி செய்கிறது. அந்தக் கேலி நியாயம் அல்ல. புட்டியின் கதை தெரிந்தவர்கள் அப்படிச் சொல்ல மாட்டார்கள்.

பால் புட்டியில் போன சாஸ்

எட்டோரே பொயார்டி என்று ஒருவர். இத்தாலியில் பியாசென்சா நகரில் 1897-ம் ஆண்டு பிறந்தவர். இளம் வயதில் அமெரிக்கா போனார். சமையல்காரராக உழைத்தார். 1920-களில் கிளீவ்லாந்து நகரில் சொந்தமாக உணவு விடுதி திறந்தார்.

அவர் செய்த சாஸ், சாப்பிட வந்தவர்களுக்குப் பிடித்துப் போயிற்று. வீட்டுக்கும் கேட்டார்கள். அவர் பால் புட்டிகளைக் கழுவி, அவற்றில் சாஸை ஊற்றிக் கொடுத்தார். கேட்பவர்கள் கூட்டம் பெருகியது. 1928-ம் ஆண்டு அது ஒரு தொழிற்சாலை ஆயிற்று!

அமெரிக்கர்களுக்கு அவர் பெயர் வாயில் நுழையவில்லை. அதனால் உச்சரிப்புக்கு ஏற்றபடி, 'பாய்-ஆர்-டீ' என்று எழுத்தை மாற்றி, புட்டியிலும் டப்பாவிலும் அச்சிட்டார். இரண்டாம் உலகப் போரில் படை வீரர்களுக்கும் அவருடைய தொழிற்சாலை உணவு அனுப்பியது. அவர் 1985-ல் காலமானார்.

இன்னொரு கதையும் உண்டு. நியூயார்க் மாநிலத்தில் ராச்செஸ்டர் என்று ஒரு நகரம். அங்கே ஜொவான்னி கந்திசானோ, அவர் மனைவி அசுந்தா என்ற இத்தாலியத் தம்பதி இருந்தார்கள். 1937-ம் ஆண்டு, தங்கள் குடும்பத்து முறைப்படி சாஸ் செய்து, புட்டியில் அடைத்து, வீட்டு வாசலிலேயே விற்கத் தொடங்கினார்கள். அதுதான் பிற்காலத்தில் அமெரிக்கா முழுவதும் பெயர் பெற்ற 'ராகூ' சாஸ்.

ஆக, புட்டி சாஸ் வானத்திலிருந்து விழவில்லை. ஒரு சமையல்காரரின் அடுப்பிலிருந்து வந்தது. ஒரு தாயின் அடுக்களையிலிருந்து வந்தது. அதை இழிவாகப் பேசுவது எப்படிப் பொருந்தும்?

இத்தாலியிலும் புட்டி உண்டு

"இத்தாலியில் எல்லாம் புதுத் தக்காளியில்தான் செய்வார்கள்" என்று சிலர் நினைக்கிறார்கள். அது தவறு.

தக்காளி இத்தாலியில் ஆண்டு முழுவதும் காய்ப்பது இல்லை. கோடையில் காய்த்துக் குவியும். குளிர் காலத்தில் நல்ல பழம் கிடைக்காது. ஆகையால் ஆகஸ்டு மாதத்தில், குறிப்பாகத் தென் இத்தாலியில், பல குடும்பங்கள் ஒன்று கூடுகின்றன. பாட்டி, மாமா, அத்தை, பிள்ளைகள் எல்லோரும் வருகிறார்கள். கூடை கூடையாகத் தக்காளியைக் கழுவி, வேக வைத்து, தோலும் விதையும் நீக்கிச் சாறு எடுக்கிறார்கள். கழுவிய புட்டிகளில் ஊற்றுகிறார்கள். ஒரு பச்சிலையும் போடுகிறார்கள். அது 'பேசில்' என்ற இலை. துளசிக்கு உறவு. பிறகு புட்டிகளைப் பெரிய அண்டாவில் அடுக்கித் தண்ணீரில் கொதிக்க வைக்கிறார்கள். தமிழ் வீடுகளில் வற்றல், வடகம் போடுவது போல, ஓர் ஆண்டுக்கு வேண்டிய சேமிப்பு அது.

இப்படிப் புட்டியில் அடைத்துக் கொதிக்க வைக்கும் முறையை உலகுக்குச் சொன்னவர் பிரான்ஸ் நாட்டு நிக்கோலா அப்பேர். 1810-ம் ஆண்டு அதைப் பற்றி நூல் வெளியிட்டார். இத்தாலியத் தாய்மாரும், அமெரிக்கத் தொழிற்சாலையும் பின்பற்றுவது அந்த வழியைத்தான்.

அப்படியானால் வேறுபாடு எங்கே இருக்கிறது?

இத்தாலியத் தாயின் புட்டியில் இருப்பது வெறும் தக்காளிச் சாறு. சமைக்கும் நாளில்தான் அவர் எண்ணெய் காய்ச்சுகிறார். பூண்டு போடுகிறார். உப்புப் பார்க்கிறார். இலையைக் கிள்ளிப் போடுகிறார். புட்டி பழையது, சமையல் புதியது.

கடைப் புட்டியில் எல்லாமே ஏற்கனவே சேர்ந்து வெந்திருக்கிறது. கெடாமல் இருக்க மேலும் சூடு காட்டியிருக்கிறார்கள். அதன் பிறகு கடையில் பல மாதங்கள் இருந்திருக்கிறது. பூண்டின் மணம் மங்கிவிட்டது. இலையின் மணம் போய்விட்டது. புளிப்பும் உப்பும் இனிப்பும் மட்டும் மிஞ்சுகின்றன.

ஆகவே செய்ய வேண்டியது தெளிவு. கடைப் புட்டியையும் இத்தாலியத் தாய் தன் புட்டியை நடத்துவது போல நடத்த வேண்டும். அதை முடிந்த சமையலாக எண்ணக் கூடாது. பாதி வேலை முடிந்த சாமானாக எண்ண வேண்டும். மீதிப் பாதியை வீட்டு அடுப்பு செய்ய வேண்டும்.

எந்தப் புட்டி நல்ல புட்டி?

புட்டியின் முன்பக்கம் படம் அழகாக இருக்கும். அதைப் பார்த்து ஏமாறக் கூடாது. பின்பக்கம் திருப்ப வேண்டும். எழுத்துக் கூட்டிப் படிப்பவர்களும் அதைப் படிக்கலாம். நாலைந்து வரிதான்.

சேர்ந்த பொருள்களின் பெயர்கள் அங்கே வரிசையாக இருக்கும். எது எடையில் அதிகமோ, அது முதலில் வரும். முதலில் தக்காளி இருக்க வேண்டும். பிறகு எண்ணெய், வெங்காயம், பூண்டு, உப்பு, இலை என்று வந்தால் நல்லது. சர்க்கரை முன் வரிசையில் வந்தால், அந்தப் புட்டியைத் திரும்ப வைத்துவிடலாம். அமெரிக்கப் புட்டிகளில் 'சேர்த்த சர்க்கரை' எவ்வளவு என்று தனியாகவே அச்சிடுகிறார்கள்.

உப்பையும் பார்க்க வேண்டும். அது 'சோடியம்' என்ற பெயரில் இருக்கும். 400 மில்லிகிராம் சோடியம் என்றால் ஏறக்குறைய 1 கிராம் உப்பு. பல புட்டிகளில் அரைக் கோப்பை சாஸிலேயே இந்த அளவு இருக்கிறது. பெரியவர்கள் ஒரு நாளைக்கு 5 கிராமுக்குக் குறைவாகத்தான் உப்பு சேர்க்க வேண்டும் என்று உலக சுகாதார நிறுவனம் சொல்கிறது. ஒரு வேளை சாஸில் மட்டும் 1 கிராம் போய்விட்டால், மற்ற உணவுக்கு என்ன மிச்சம்? ஆகையால் உப்புக் குறைந்த புட்டியே நல்ல புட்டி. உப்பை வீட்டில் கூட்டலாம். புட்டியில் போட்ட உப்பை யாராலும் எடுக்க முடியாது.

மூடியையும் கவனிக்க வேண்டும். உப்பியிருந்தால் வாங்கக் கூடாது. முதன்முதலாகத் திறக்கும்போது 'டிக்' என்று சத்தம் வர வேண்டும். காற்று புகாமல் இருந்தது என்பதற்கு அது அடையாளம்.

விலை? அதிக விலை என்றால் அதிகச் சுவை என்று எண்ண வேண்டியதில்லை. எப்படியும் வீட்டில் கை வைக்கப் போகிறோம் என்பவர்களுக்கு, மசாலா அதிகம் சேராத சாதாரணப் புட்டியே ஏற்றது.

25 நிமிட வேலை

அமெரிக்காவில் வழக்கமான ஒரு புட்டி 680 கிராம் எடை இருக்கும். 450 கிராம் பாஸ்தாவுக்கு அது போதும். நாலைந்து பேர் சாப்பிடலாம்.

முதலில் ஒரு பெரிய பாத்திரத்தில் 4 லிட்டர் தண்ணீரை அடுப்பில் ஏற்ற வேண்டும். அது கொதிக்க நேரம் ஆகும். அந்த நேரத்தில் சாஸ் வேலை நடக்கும்.

அகன்ற வாணலியில் 3 மேசைக் கரண்டி ஆலிவ் எண்ணெய் ஊற்ற வேண்டும். பொடியாக நறுக்கிய ஒரு வெங்காயத்தைப் போட்டு, சிறு தீயில் 6 நிமிடம் வதக்க வேண்டும். கருகக் கூடாது. கண்ணாடி போல ஆக வேண்டும். பிறகு 3 பல் பூண்டை மெல்லிசாக அரிந்து போட வேண்டும். காரம் பிடித்தவர்கள் ஒரு சிட்டிகை மிளகாய்த் தூளும் போடலாம். பூண்டு மணம் வந்ததும், ஒரு மேசைக் கரண்டி தக்காளி விழுது சேர்த்து 2 நிமிடம் வதக்க வேண்டும். விழுது கருஞ்சிவப்பாக மாறும். பச்சை வாடை போகும்.

தமிழ் வீடுகளில் தாளிப்பு என்று சொல்கிறார்களே, அதுதான் இது! தாளிப்பு இல்லாத சாம்பாருக்கு என்ன குறையோ, அதே குறைதான் புட்டி சாஸுக்கும். எண்ணெயில் பிரிகிற மணம் தண்ணீரில் பிரியாது. தக்காளியின் சிவப்பு நிறத்துக்குக் காரணமான 'லைக்கோப்பீன்' என்ற சத்தும், எண்ணெயோடு வெந்தால்தான் உடம்பில் நன்றாகச் சேருகிறது.

இப்போது புட்டி சாஸை ஊற்ற வேண்டும். புட்டியில் கொஞ்சம் தண்ணீர் விட்டுக் குலுக்கி, அதையும் ஊற்ற வேண்டும். ஒட்டிக்கொண்டிருப்பதும் காசு கொடுத்து வாங்கியதுதானே! மூடாமல், சிறு தீயில் 15 நிமிடம் கொதிக்கட்டும். நீர்த்த சாஸ் கெட்டிப்படும். உப்பு மட்டும் இப்போது போடவே கூடாது.

கஞ்சித் தண்ணீரின் வேலை

தண்ணீர் கொதித்ததும் உப்பும் பாஸ்தாவும் போட வேண்டும். லிட்டருக்கு 10 கிராம் உப்பு என்பது இத்தாலிய வழக்கம். புட்டி சாஸில் ஏற்கனவே உப்பு இருப்பதால் அதில் பாதி போதும்.

பாக்கெட்டில் எத்தனை நிமிடம் வேக வேண்டும் என்று அச்சிட்டிருக்கும். அதற்கு ஒரு நிமிடம் முன்பே எடுத்துவிட வேண்டும். வடிப்பதற்கு முன் ஒரு கோப்பைத் தண்ணீரை எடுத்து வைக்க வேண்டும். இதை மறப்பவர்கள்தான் அதிகம்.

அந்தத் தண்ணீரில் பாஸ்தாவின் மாவு கரைந்திருக்கிறது. கஞ்சி போல இருக்கும். வடித்த பாஸ்தாவை சாஸ் வாணலியிலேயே போட்டு, இந்தக் கஞ்சியைக் கொஞ்சம் கொஞ்சமாக விட்டு, 2 நிமிடம் கிளற வேண்டும். கஞ்சி எண்ணெயையும் தக்காளியையும் பிரியாமல் சேர்த்துப் பிடிக்கிறது. சாஸ் ஒவ்வொரு பாஸ்தாவிலும் ஒட்டுகிறது. பாஸ்தாவைத் தட்டில் வைத்து, அதன் தலையில் சாஸைக் கொட்டினால் இது நடக்காது. மேலே சாஸ் நிற்கும். கீழே தண்ணீர் தேங்கும்.

அடுப்பை அணைத்த பிறகு நெல்லிக்காய் அளவு வெண்ணெய், கிள்ளிய பேசில் இலை, துருவிய பாலாடைக்கட்டி மூன்றையும் சேர்க்கலாம். இலையை முன்பே போட்டுக் கொதிக்க விட்டால் மணம் போய்விடும். பாலாடைக்கட்டியிலும் உப்பு உண்டு. எல்லாம் சேர்ந்த பிறகு ஒரு வாய் ருசி பார்த்து, தேவையானால் மட்டும் உப்புப் போட வேண்டும்.

குறைக்கு ஏற்ற மருந்து

சாஸ் புளிக்கிறதா? உடனே சர்க்கரை டப்பாவைத் தேட வேண்டாம். துருவிய காரட்டை வெங்காயத்தோடு வதக்கலாம். வெண்ணெயைக் கொஞ்சம் கூட்டலாம். இரண்டும் புளிப்பைத் தணிக்கும்.

தித்திக்கிறதா? சில துளி எலுமிச்சம் சாறு விடலாம். மிளகாய்த் தூளைச் சிறிது கூட்டலாம்.

சப்பென்று இருக்கிறதா? எண்ணெயில் ஊறிய உப்பு நெத்திலி இரண்டை, பூண்டோடு சேர்த்து வதக்கினால் கரைந்துவிடும். மீன் வாடை தெரியாது. சுவை மட்டும் தூக்கும். மீன் சேர்க்காதவர்கள் காளானைத் தனியாக வதக்கிச் சேர்க்கலாம்.

கறி வேண்டுமா? கொத்துக்கறியை முதலில் தனியாகச் சிவக்க வதக்கி, பிறகு சாஸில் போட்டு நன்றாக வேக விட வேண்டும்.

ஆனால் ஒன்று. எல்லா மருந்தையும் ஒரே நாளில் கொடுக்கக் கூடாது! தாளிப்போடு இன்னும் ஒன்று அல்லது இரண்டு பொருள் போதும். பத்துப் பொருள் வாங்கிக் கொட்டினால், புட்டி வாங்கியதில் என்ன லாபம்? பணமும் போகும், நேரமும் போகும்.

மீதி சாஸைக் குளிர்பெட்டியில் மூடி வைத்து, மூன்று நான்கு நாட்களுக்குள் தீர்த்துவிட வேண்டும். பூஞ்சை கண்டால் மேலாக வழித்துவிட்டுப் பயன்படுத்தக் கூடாது. முழுவதையும் கொட்டிவிட வேண்டும்.

கம்பெனிக்குத் தெரியாத நாக்கு

1980-களில் அமெரிக்காவில் 'பிரெகோ' சாஸைச் செய்யும் காம்ப்பெல் கம்பெனி, ஹோவர்ட் மாஸ்கோவிட்ஸ் என்ற ஆராய்ச்சியாளரைக் கூப்பிட்டது. எந்த சாஸ் மக்களுக்குப் பிடிக்கும் என்று கண்டுபிடிக்கச் சொன்னது. அவர் 45 வகை சாஸ் செய்ய வைத்து, பல ஊர்களில் மக்களுக்குக் கொடுத்துப் பார்த்தார்.

எல்லோருக்கும் பிடித்த ஒரே சாஸ் கிடைத்ததா? இல்லை! சிலருக்குச் சாதாரண சாஸ் பிடித்தது. சிலருக்குக் காரம் பிடித்தது. இன்னும் சிலருக்குத் தக்காளித் துண்டு நிறைய வேண்டும். அந்தத் துண்டு சாஸ் அப்போது கடையிலேயே இல்லை. கம்பெனி அதைச் செய்து விற்று நல்ல லாபம் பார்த்தது.

இதில் தாய்மாருக்கு ஒரு பாடம் இருக்கிறது. நாடு முழுவதற்கும் சாஸ் செய்யும் கம்பெனிக்கு, ஒரு வீட்டு நாக்கு தெரியாது. சின்னவனுக்குக் காரம் ஆகாது என்பது தெரியாது. தாத்தாவுக்கு ரத்த அழுத்தம், உப்பு குறைய வேண்டும் என்பது தெரியாது. அது வீட்டில் சமைப்பவருக்கு மட்டும்தான் தெரியும். வீட்டுச் சமையல் என்பதன் பொருள் அதுதான். தக்காளியை யார் அரைத்தார்கள் என்பதல்ல கேள்வி. யாருக்காகச் சமைக்கிறோம் என்று பார்த்துச் சமைத்தார்களா என்பதே கேள்வி.

பாட்டியின் நியாயம்

"இவ்வளவு செய்வதற்கு, முதலிலிருந்தே செய்துவிடலாமே?" என்று பாட்டி கேட்பார். கேள்வி சரியானது.

மார்செல்லா ஹசான் என்ற அம்மையார் இத்தாலியில் 1924-ல் பிறந்து, அமெரிக்காவில் வாழ்ந்தவர். 1973-ல் இத்தாலியச் சமையல் பற்றி ஒரு நூல் வெளியிட்டார். 2013-ல் காலமானார். அவர் சொல்லிக் கொடுத்த தக்காளி சாஸில் தக்காளி, வெண்ணெய், இரண்டாக வெட்டிய ஒரு வெங்காயம், உப்பு, இவ்வளவுதான் இருக்கும். வதக்கல் கூட இல்லை. முக்கால் மணி நேரம் சிறு தீயில் வைத்தால் போதும். உலகப் புகழ் பெற்றது அந்த சாஸ்.

முக்கால் மணி நேரம் இருப்பவர்கள் தாராளமாக அதைச் செய்யலாம். ஞாயிற்றுக்கிழமை செய்யலாம். அது சிறந்ததுதான். மறுப்பதற்கு இல்லை.

ஆனால் எல்லா நாளும் ஞாயிற்றுக்கிழமை ஆகுமா? மாலை 6 மணிக்கு வேலை முடிந்து வந்து, 7 மணிக்குப் பிள்ளைகளுக்குச் சோறு போட வேண்டிய தாயிடம் ஞாயிற்றுக்கிழமைச் சமையலைக் கேட்பது நியாயமா? 1960-ம் ஆண்டு பெக் பிராக்கன் என்ற அமெரிக்கப் பெண்மணி, சமைக்கப் பிடிக்காதவர்களுக்காக என்றே ஒரு சமையல் நூல் எழுதினார். டப்பா உணவையும் பாக்கெட் உணவையும் வைத்து எளிதாகச் சமைப்பது எப்படி என்று அதில் சொன்னார். நூல் லட்சக்கணக்கில் விற்றது. ஏன்? களைத்துப்போன பெண்கள் அத்தனை பேர் இருந்தார்கள்! குற்றம் சொல்ல ஆயிரம் பேர் இருந்தார்கள். உதவி சொல்ல ஒருவர் வந்ததும் வாங்கிப் படித்தார்கள்.

அந்தக் களைப்பைத் தாய் மட்டுமே சுமக்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை. இந்தச் சமையலில் வேலை சிறு சிறு பங்காகப் பிரிகிறது. தண்ணீரைக் கணவர் ஏற்றலாம். மகன் வெங்காயம் நறுக்கலாம். மகள் புட்டியின் பின்பக்கத்தைப் படித்துச் சொல்லலாம். சின்னவன் இலையைக் கிள்ளலாம். பாட்டி ருசி பார்த்துத் தீர்ப்புச் சொல்லலாம். ஐந்து பேர் கை பட்ட உணவை, கடைச் சாமான் என்று யார் சொல்ல முடியும்?

புட்டியைத் திறப்பதில் வெட்கம் இல்லை. திறந்ததை அப்படியே தட்டில் கொட்டுவதும், களைத்து வந்தவரைக் கேலி பேசுவதும்தான் வெட்கம். கடை பாதி செய்து கொடுக்கிறது. மீதிப் பாதியை வீடு செய்யட்டும். அந்த வீட்டில் எல்லோரும் செய்யட்டும்.